பொருந்தினால் போதுமா?

'பழைய தரவோடு மாதிரி அச்சாகப் பொருந்துகிறது. ஆகவே அது சொல்லும் கொள்கையும் சரி.' பொருளாதார அளவையியலின் பெயரால் அடிக்கடி கேட்கும் வாதம் இது. நிற்காது.

ஒன்று: தொடர்பே இல்லாத, காலப்போக்கில் அலைந்து நகரும் இரு தொடர்களுக்கு இடையிலும் வலுவான 'உறவு' தென்படும். இதைப் பொருளியலாளர்கள் கிரேஞ்சரும் நியூபோல்டும் 1974இலேயே காட்டிவிட்டார்கள். இன்னும் எத்தனை முறை காட்ட வேண்டும்?

இரண்டு: வேலையின்மை குறைந்தால் கூலி வேகமாக ஏறும் எனப் பொருளியலாளர் பிலிப்ஸ் 1958இல் வரைந்த வளைகோடு பிரிட்டனின் பழைய புள்ளிவிவரங்களோடு நன்றாகவே பொருந்தியது. ஆனால் 1970களில், அதற்கு நேர்மாறாக, விலைவாசியும் வேலையின்மையும் சேர்ந்தே ஏறின. கொள்கை மாறினால் மக்களின் எதிர்பார்ப்பு மாறும்; அதனால் மாதிரியின் பழைய குணகங்களும் மாறும் என்று 1976இல் பொருளியலாளர் லூகாஸ் எழுதினார்.

மூன்று, இதுதான் எனக்கு எரிச்சல். இந்தியாவில் ரயில்வே, வங்கி போன்ற துறைகளின் மாநில வருமானம் தனியே அளக்கப்படுவதில்லை. தேசிய மதிப்பீட்டைச் சில குறியீடுகளின்படி மாநிலங்களுக்குப் பங்கிடுகிறார்கள். அந்த எண்களை வைத்தே 'மாநிலம் தேசத்தோடு சேர்ந்து நகர்கிறது' என நிறுவுவது கண்டுபிடிப்பா? தானே ஒளித்த காசைத் தானே எடுத்த கதை.

மாதிரியை நீட்டுபவரிடம் கேளுங்கள்: மதிப்பீட்டில் சேர்க்காத ஆண்டுகளை அது எப்படிக் கணித்தது?