தாய்ப்பலகைக்கு என்ன வந்தது?

வீட்டிலே நாம் அன்றாடம் கையாளும் கருவிகளைப் பற்றி இப்பகுதியில் எழுதி வருகிறோம். நேயர்கள் அனுப்பும் கடிதங்களில் ஒரு முறைப்பாடு மட்டும் ஓயாமல் வந்து கொண்டிருக்கின்றது. “பிள்ளையின் மடிக்கணினி திடீரென்று உயிரற்றுப் போயிற்று. பொத்தானை அமத்தினால் விளக்கும் இல்லை, சத்தமும் இல்லை. கடைக்காரர் தாய்ப்பலகை போய்விட்டது என்கிறார். நம்பலாமா?” என்பதே அது. வவுனியாவிலிருந்து ஒரு தாயார் சென்ற கிழமை எழுதிய கடிதத்திலே, காதிலிருந்ததை அடகு வைக்கலாமோ என்றும் கேட்டிருக்கிறார். அம்மையாரே, அடகுக் கடைக்குப் போவதைச் சற்றே ஒத்திவையுங்கள். எமது குடும்பத்திலே நடந்ததைச் சொல்கிறோம்.

2022 ஆம் ஆண்டு பங்குனி மாத முடிவு. நாளொன்றுக்கு 13 மணித்தியாலம் வரையில் மின்வெட்டு நிகழ்ந்த அக்காலத்தை எவரும் மறந்திருக்க மாட்டார்கள். 200 ரூபா அளவில் நின்ற அமெரிக்க டொலர் ஒரு சில வாரங்களில் 360 ரூபாவை எட்டிப் பிடித்ததும் அப்போதுதான். எமது இளைய சகோதரரின் மகள், அதாவது எமது பெறாமகள், பல்கலைக்கழகத்தில் இறுதியாண்டு படித்துக் கொண்டிருந்தாள். ஆய்வுக் கட்டுரையை ஒப்படைப்பதற்குப் பதினொரு நாட்களே இருந்தன. தகப்பனார் சீட்டுக் கட்டி எடுத்த பணத்தில் வாங்கிக் கொடுத்த மடிக்கணினி, ஒரு நாள் மாலை மின்சாரம் திரும்பி வந்த கையோடு, விழிக்க மறுத்து விட்டது.

முதலிற் பார்த்த கடையிலே, அளவுகருவி ஒன்றையும் எடுக்காமலே தீர்ப்புக் கூறி விட்டார்கள். புதுப் பலகைக்குக் கேட்ட தொகை தகப்பனாரின் ஒரு மாதச் சம்பளத்தை விஞ்சியது. அதுவும் கப்பலில் வந்து சேர ஒரு மாதமாகலாம். பிள்ளை அன்றிரவு சாப்பிடவில்லை. “பெரியப்பா, எல்லாம் அதற்குள்ளேதான் இருக்கிறது” என்று ஒரு வசனம் சொன்னாள்; அவ்வளவுதான்.

அவளுடைய பெரிய பயத்திற்கு உண்மையில் இடமில்லை. எழுதியவை தாய்ப்பலகையில் இருப்பதில்லை. பெரும்பாலான மடிக்கணினிகளிலே அவை தனியொரு சேமிப்புத் தட்டிலே தங்கியிருக்கும். இரண்டொரு திருகாணிகளைக் கழற்றினால் அது கையோடு வரும். அதைச் சிறு கூடொன்றிற் செருகி வேறு கணினியிற் படிக்கலாம். (சில மெல்லிய கணினிகளில் அது பலகையோடே பற்றவைக்கப்பட்டிருக்கும், சிலவற்றில் உள்ளடக்கம் பூட்டப்பட்டிருக்கும். பூட்டியிருப்பின் மீட்புத் திறவெண் வேண்டும். அதை இன்றைக்கே தேடி ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள்.) மறுநாட் காலையிலேயே அயல்வீட்டுக் கணினியிற் கட்டுரையைக் கண்ணாரக் கண்டோம். ஆயினும் எஞ்சிய கணக்குகளைச் செய்து முடிக்க அவளுக்கு ஒரு யந்திரம் வேண்டுமே. அயலவரின் பிள்ளைக்கும் பரீட்சை.

கடைசியில், எம்மிடம் முன்னாளிற் படித்த மாணவர் ஒருவரிடம் சென்றோம். மாடிப்படியின் கீழே ஒரு மேசை, ஒரு பூதக்கண்ணாடி, ஒரு பல்மானி, வெந்காற்று ஊதும் கருவி ஒன்று, இவைதாம் அவருடைய தொழிற்சாலை. “தம்பி, இது தப்புமோ?” என்றோம். “அளந்து பார்க்காமல் எப்பிடிச் சொல்லுறது, மாஸ்ரர்? பொறுங்கோ” என்றார். அந்த விடையே எமக்குப் பாதி நம்பிக்கையைத் தந்தது.

அவர் செய்தவற்றுள் முதலாவதை எவரும் வீட்டிற் செய்யலாம். மின்னேற்றியைக் கழற்றி, மின்கலவடுக்கின் இணைப்பையும் விடுவித்து, பொத்தானை அரை நிமிடம் அமத்திப் பிடித்திருந்தார். உள்ளே தேங்கி நிற்கும் ஏற்றம் வடிந்து போவதற்காக. சில கணினிகள் இந்த ஒரு வைத்தியத்தோடே எழுந்து விடும். எங்களுடையது எழும்பவில்லை. அடுத்து மின்னேற்றியை அளந்தார். 19 வோல்ற்று என்று எழுதியிருந்த இடத்தில் 19.4 காட்டியது. மின்சார சபையை அதுவரை திட்டித் தீர்த்த எமது சகோதரர் அத்துடன் மௌனமானார். மின்வெட்டின் மீது நாமும் சந்தேகப்பட்டவரே. ஆனால் அடி முதலில் விழுந்திருக்க வேண்டிய மின்னேற்றி நலமாகவே இருந்தது.

இனி மாணவ நேயர்கள் கவனிக்க வேண்டிய பகுதி. 19 வோல்ற்று பலகைக்குள் நுழைந்ததும் நேரே மூளைக்குப் போவதில்லை. யாழ்ப்பாணத்து வீடொன்றை நினைத்துக் கொள்ளுங்கள். முதலில் படலை. இங்கே படலையாக நிற்பவை இரண்டு மொஸ்பெற்றுக்கள். மின்னேற்றத்தைக் கண்காணிக்கும் சிறு சிப் ஒன்று, வந்தது சரியான வோல்ற்றளவுதானா என்று பார்த்தே அவற்றைத் திறக்கும். படலையைத் தாண்டினால் முற்றம். அது 19 வோல்ற்றுப் பெருவழி. முற்றத்திலிருந்து ஒவ்வோர் அறைக்கும் வேண்டிய அளவு குறைத்து அனுப்பப்படுகின்றது. எப்போதும் விழித்திருக்கும் 3.3 வோல்ற்றும் 5 வோல்ற்றும் முதலில் எழ வேண்டும். காவற்காரனாகிய கட்டுப்பாட்டுச் சிப் ஒன்று அந்த 3.3 வோல்ற்றில் உயிர் வாழ்ந்து பொத்தானை நோக்கியபடியே இருக்கும். பொத்தான் அமத்தப்பட்டதும் அங்கே நின்ற வோல்ற்றளவு பூச்சியமாக விழும். அதைக் கண்ட காவற்காரன் ஒழுங்கு முறைப்படி மற்றைய வழிகளைத் திறப்பான். நினைவகத்துக்கு 1.2 வோல்ற்று (டீடீஆர் 4 வகையாயின்), இறுதியாக மூளைக்கு ஏறக்குறைய 1 வோல்ற்று. இந்த வரிசையில் எங்கே நடை தடைப்பட்டது என்று தேடுவதுதான் சோதனை முழுவதும்.

தம்பி அளந்தார். படலைக்கு வெளியே 19.4, உள்ளே 0. ஒன்றில் படலை பழுது, அல்லது முற்றத்திலே ஏதோ ஒன்று நிலத்தோடு குறுஞ்சுற்றாகிக் கிடக்கிறது. எது என்பதை அறிய மின்னிணைப்பு அனைத்தையும் நீக்கிவிட்டு, பல்மானியை ஓமுக்குத் திருப்பினார். (மின்னிருக்கும்போது ஓம் அளக்க முயன்று பல்மானியைக் கொன்றவர்களுள் நாமும் ஒருவர். அது வேறு கதை.) முற்றத்திற்கும் நிலத்திற்கும் இடையே பல கிலோ ஓம் தடை இருத்தல் வேண்டும். காட்டியதோ 0.5 ஓம். அளவுகோல்களின் நுனிகள் இரண்டையும் ஒன்றோடொன்று தொட்டுப் பார்த்தால் அவற்றுக்கே 0.2 ஓம் உண்டு. ஆகவே உண்மையான தடை 0.3. குறுஞ்சுற்று என்பதில் ஐயமில்லை. மின்னேற்றியைக் கழற்றி மின்கலவடுக்கில் மட்டும் ஓட்டியும் கணினி எழாமற் போன மர்மமும் இத்துடன் துலங்கியது. அதுவும் இதே முற்றத்துக்குள்தானே வந்து சேருகின்றது.

பழகுநர் ஏமாறும் இடம் ஒன்றையும் இங்கே சொல்ல வேண்டும். மூளைக்குச் செல்லும் சுருளில் அளந்தபோது அங்கும் சில ஓம்களே காட்டின. நாம் பதறினோம். அவரோ, “அது அப்பிடித்தான் இருக்கும், மாஸ்ரர், நல்ல சீபீயூவும் அவ்வளவுதான் காட்டும்” என்று சிரித்தார். நல்ல பலகையின் இயல்பு தெரியாதவன் நோயற்ற உறுப்பை அறுத்து விடுவான்.

குறுஞ்சுற்று உண்டு, எங்கே? அந்தப் பெருவழியிலே இருபதுக்கு மேற்பட்ட கொள்ளளவிகள் சமாந்தரமாய்த் தொங்குகின்றன. ஒன்று பழுதானாலும் பல்மானி எல்லாவற்றிலும் ஒரே அளவைத்தான் காட்டும். ஒவ்வொன்றாய்க் கழற்றிப் பார்ப்பது பலகைக்கும் கண்ணுக்கும் கேடு. அதற்கு அவர் செய்த உபாயம் எம்மை வியக்க வைத்தது. வோல்ற்றளவையும் ஓட்டத்தையும் விரும்பியபடி மட்டுப்படுத்தக்கூடிய வழங்கி ஒன்றிலிருந்து, அந்த 19 வோல்ற்று வழிக்கு வெறும் 1 வோல்ற்று, 2 அம்பியருக்கு மேற்படாமற் கொடுத்தார். ஏன் 1 வோல்ற்று? முற்றத்திற்கும் மூளைக்கும் இடையே உள்ள மொஸ்பெற்று ஒன்று உடைந்து திறந்து கிடக்குமாயின், நாம் ஊட்டுவது அப்படியே மூளைக்குப் போய்ச் சேரும். 1 வோல்ற்று அதற்குப் பழகிய உணவு. 19 ஐ ஊட்டியிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும்.

பிறகு பலகையின் மீது ஐசோப்புரொப்பைல் அற்ககோலைத் தூரிகையால் ஈரமாகத் தடவினார். நாம் இருவரும் மூச்சடக்கிப் பார்த்திருந்தோம். எங்கும் ஈரம் மினுங்கிக் கொண்டிருக்க, மூளைக்கு அருகே ஒரே ஓரிடம் மட்டும் சட்டென்று உலர்ந்தது. அங்கே அரிசிக் குறுணல் ஒன்றின் அளவில், 2 மில்லிமீற்றர் நீளமான பீங்கான் கொள்ளளவி ஒன்று. பூதக்கண்ணாடியாற் பார்த்தபோது அதன் ஓரத்தில் மயிரிழை போன்றதொரு வெடிப்பு.

பீங்கான் வளையாது, பலகை வளையும். அதுதான் காரணம். பெறாமகளிடம் கேட்டோம். மின்வெட்டு வரும்போதெல்லாம் திறந்தபடியே ஒரு மூலையைப் பற்றித் தூக்கிக் கொண்டு, வெளிச்சமுள்ள இடம் தேடி நடந்திருக்கிறாள். அப்படித் தூக்கும்போது பலகை மெல்ல முறுகும்; அதனோடு பற்றவைத்த பீங்கான் ஒரு நாள் வெடிக்கும். வெடித்த இடத்தில் உள்ளிருக்கும் உலோகத் தகடுகள் ஒன்றையொன்று தொட்டுக் கொண்டால் குறுஞ்சுற்று. மின்வெட்டுக்கும் இதிலே பங்குண்டு என்று சகோதரர் வாதாடினார். முற்றாக மறுக்க முடியவில்லை.

அந்நேரம் பார்த்து மின்சாரம் நின்றது! எங்கள் வலயத்துக்கு உரிய வேளை. மேசையைச் சுற்றி மெழுகுதிரி வெளிச்சத்தில் இரண்டரை மணித்தியாலம் காத்திருந்தோம். பலகையைச் சூடாக்கினால் எல்லாம் சரியாகும் என்கிறார்களே, என்று அப்போது கேட்டோம். அவர் தலையை ஆட்டினார். 2008 ஆம் ஆண்டு ஆடி மாதத்தில் என்விடியா நிறுவனம், தன் மடிக்கணினிச் சிப்கள் சிலவற்றின் பொதிப் பொருள் பலவீனமானதென ஒப்புக் கொண்டு 150 முதல் 200 மில்லியன் டொலர் வரை ஒதுக்கி வைத்தது. அக்காலத்திற் பலர் அத்தகைய சிப்களை வெந்காற்றிலும் அடுப்பிலும் சுட்டெடுத்து ஓட்டினார்கள். சில நாட்களோ வாரங்களோ ஓடும். மறுபடி படுத்து விடும். எமது கொள்ளளவிக்கோ எவ்வளவு சூடும் பயன் தராது.

மின்சாரம் மீண்டது. கொள்ளளவியைச் சுற்றி இளக்கி தடவி, வெந்காற்றை ஊதினார். ஈயமில்லாப் பற்றாசு உருகுவதற்கு 217 பாகை செல்சியஸ் வேண்டும். ஈயம் சேர்ந்த பழைய வகை 183 இலேயே உருகும். அதனால் இக்காலப் பலகைகளில் அவசரக்காரரின் கை பக்கத்து உறுப்புக்களையும் பெயர்த்து விடுகின்றது. தம்பி அவசரப்படவில்லை. குறுணல் கழன்றது. மீண்டும் அளந்தார்: தடை கிலோ ஓமில் ஏறிற்று. பல கொள்ளளவிகளுள் ஒன்று குறைந்தாலும் கணினி ஓடும். ஆயினும் இறந்து போன வேறொரு பலகையிலிருந்து அதே அளவும் 25 வோல்ற்றுத் தாங்கும் தரமும் உடைய ஒன்றை எடுத்து அவ்விடத்திற் பதித்தார்.

இப்போது வழங்கியில் 19 வோல்ற்று. ஓட்டம் 0.02 அம்பியர். காவற்காரன் மட்டும் விழித்திருப்பதற்கு அதுவே அளவு. 3.3 உண்டு, 5 உண்டு. “நீங்களே அமத்துங்கோ, தங்கச்சி” என்றார். பெறாமகள் அமத்தினாள். ஓட்டம் ஏறியது, விசிறி சுழன்றது. திரையோ கறுப்பாகவே நின்றது. அந்த அரை நிமிடம் போல் நீண்டதொரு பொழுதை நாம் அண்மையிற் கண்டதில்லை. நாணய வடிவான சிறு மின்கலத்தையும் கழற்றியிருந்தமையால் கணினி தன் அமைப்புக்களை மறந்து, நினைவகத்தைப் புதிதாய்ப் பழகிக் கொண்டிருந்ததாம். பின்பு உற்பத்தியாளரின் அடையாளச் சின்னம் தோன்றிற்று. பிள்ளை கண்ணைத் துடைத்துக் கொண்டு, நேரம் தவறாகக் காட்டுகிறது என்று குறை சொன்னாள்!

தம்பி கேட்ட கூலி, பெட்டிக்குள் அந்தப் பலகையைக் கடையில் வைத்து விட்டு வந்திருந்தால் பஸ்ஸுக்குச் செலவாகியிருக்கும் காசைவிடச் சற்று அதிகம். சகோதரர் இரட்டிப்பாகக் கொடுத்தார். கட்டுரை குறித்த நாளுக்கு முதல் நாளே ஒப்படைக்கப்பட்டது.

வவுனியா அம்மையாருக்கு: பல்மானியை எடுத்து உங்கள் முன்னிலையில் அளந்து காட்டக்கூடிய ஒருவரிடம் கொண்டு செல்லுங்கள். எந்த வழியில் எத்தனை வோல்ற்று நிற்கிறது என்று கேளுங்கள். இலக்கத்தில் விடை சொல்லாதவரிடம் பலகையை விட்டு வராதீர்கள். மூளையோ அதனருகிலுள்ள பெரிய சிப்போ உண்மையாகவே குறுஞ்சுற்றாகியிருந்தால் மட்டும் புதுப் பலகையைப் பற்றி யோசிக்கலாம். மின்கலவடுக்கு வீங்கியிருந்தால் அதை அமத்தவோ குத்தவோ வேண்டாம், தீப்பற்றும்.

தேநீர் ஊற்றுண்ட கணினியை அரிசிப் பானைக்குள் புதைத்து வைத்த மட்டக்களப்பு மாணவருக்கு, அரிசியை எடுத்துச் சோறாக்கி விட்டுப் பலகையை அற்ககோலாற் கழுவும்படி இப்போதைக்குச் சொல்லி வைக்கிறோம். விபரம் அடுத்த ஞாயிறு.