அபராதத்தால் ஆறு மீளாது

நடைச்சீட்டு இல்லாமல், தார்ப்பாய்க்கு அடியில் ஈரம் சொட்டச் சொட்ட ஓடும் மணல் லாரி பிடிபட்டால், 1957ஆம் ஆண்டின் கனிமச் சட்டப்படி 5 ஆண்டு வரை சிறை உண்டு. ஆனால் அதே சட்டத்தின் 23ஏ பிரிவு, அதிகாரி குறிப்பிடும் தொகையைக் கட்டினால் அச்சட்டத்தின் கீழ் மேல்நடவடிக்கை இல்லை என்கிறது. கடத்தல்காரருக்கு இது தொழில்செலவுதான்.

வழக்குகள் தேங்குவதைவிட அரசுக்கு வருவாய் கிடைப்பது மேல் என்பார்கள். ஆனால் பாலாற்றில் வெள்ளத்தை உள்வாங்கி நிலத்தடிக்கு இறக்குவதே மணல்தான். அது போய்க் கரையோரக் கிணறு வற்றினால் எந்த ரசீது ஈடாகும்? கூலிக்கு ஓட்டிய ஓட்டுநரிடம் கனிவு காட்டலாம், உரிமையாளரிடம் கூடாது. பணம் கட்டி முடித்துக்கொண்டாலும் திருட்டு வழக்கு நிற்கும் என 2020இல் ஜெயந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. அந்தத் திருட்டு வழக்கைக் காவல்துறை தவறாமல் பதிய வேண்டும்.