முதல் முகங்களின் பெயர்கள்

யட்டியாந்தோட்டை, ருவன்வெல்லைப் பகுதித் தோட்டங்களில் கலாநிதி என். எம். பெரேராவைப் பற்றிக் கேட்டால், 1934-35 இல் மலேரியாக் காய்ச்சல் கேகாலை மாவட்டத்தை வாட்டியபோது நிவாரணத்தோடு வந்தவர், 1948 இல் மலையகத் தமிழரான நம்மவரின் பிரஜாவுரிமையைப் பறித்த சட்டத்தை எதிர்த்த கட்சியின் தலைவர் என்றெல்லாம் முதியவர்கள் கூறுவார்களேயன்றி, 1925 இல் தயாரான இலங்கையின் முதற் சினிமாப் படத்தில், ‘ராஜகீய விக்கிரமய’ என்னும் ஊமைப் படத்தில், இளமையில் கதாநாயக வேடம் பூண்டவராகச் சொல்லப்படுபவரும் அவரே என்று கூறுவோர் அரிது. டி. ஏ. ஜே. நூர்பாய் தயாரித்த அப்படம் இந்தியாவிலும் சிங்கப்பூரிலும் காட்டப்பட்டு, நம் நாட்டு ரசிகர்கள் காணுமுன்னரே தீக்கிரையாயிற்று. படம் அழிந்தும் பெரேராவின் பெயர் எஞ்சியதற்கு நிதியமைச்சர் பதவிவரை உயர்ந்த அவருடைய அரசியல் வாழ்வே காரணம். அவரோடு நடித்த ஏனையோருக்கு அந்த அதிர்ஷ்டம் வாய்க்கவில்லை.

இந்தியச் சினிமாவின் முதல் முகங்களையும் நம்மில் பலர் அறியார். பம்பாயில் உணவுச்சாலையொன்றில் வேலை பார்த்த அண்ணா சாளுங்கே, பெண்கள் நடிக்க முன்வராத காலத்தில், 1913 இல் இயக்குநர் பால்கேயின் ‘ராஜா ஹரிச்சந்திரா’வில் தாராமதியாகவும், 1917 இல் ‘லங்கா தகன’த்தில் ராமனாகவும் சீதையாகவும் தாமொருவரே தோன்றினார். இந்தத் தீவைக் கதைக்களமாகக் கொண்ட படமொன்றின் முதற் சீதை ஓர் ஆண்மகன் என்பதை நம்மில் எத்தனை பேர் அறிவோம்? மலையாளத்தின் முதற் கதாநாயகியான பி. கே. ரோசியின் கதையோ நெஞ்சை வேகச் செய்வது. காக்கரசி என்னும் நாட்டுக்கூத்தில் ஆடிவந்த அந்தத் தலித் பெண், ஜே. சி. டேனியலின் ‘விகதகுமாரன்’ படத்தில் நாயர் குலப்பெண்ணாக நடித்த ஒரே குற்றத்திற்காக, மேல்சாதியாரின் கோபத்துக்கு அஞ்சித் திருவனந்தபுரத்தை விட்டோடித் தமிழ்நாட்டில் வேறு பெயரில் வாழ்ந்து மறைந்தார். பல தசாப்தங்கள் கழிந்த பின்னரே உலகம் அவரைத் தேடத் தொடங்கியது.

ரோசி வந்த நாட்டுக்கூத்து வழியில்தான் நம் தோட்டத்துக் கலைஞர்களும் நிற்கிறார்கள். மாசியில் காமன் கூத்துக்கெனக் காமன் கம்பம் ஊன்றியபின், காலையில் இறப்பர்ப் பால் வெட்டிய தொழிலாளி இரவில் முகத்தில் அரிதாரம் பூசி, கைநிறைய வளையலிட்டு, சேலைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டு ரதியாக வந்து, தப்பு முழங்க, எரிந்த தன் கணவன் மன்மதனுக்காகப் புலம்பும்போது, லயத்துப் பெண்கள் தம் வீட்டுச் சாவுகளை நினைத்துக் கண்ணீர் வடிக்கிறார்கள். அவ்வளவு பெரிய கலையை ஆற்றுபவரின் பெயரை அடுத்த டிவிசனில் உள்ளோரே அறியார். இன்று கைப்பேசிகளில் காமன் கூத்து ஏராளமாகப் படமாகின்றது. ஆனால் ரதியாக ஆடியவர் யார், பயிற்றிய கூத்து மாஸ்டர் யார், எந்தத் தோட்டம், எந்த ஆண்டு என்று எவரும் குறிப்பதில்லை.

ஆகவே, சப்ரகமுவவின் ஒவ்வொரு தோட்டப் பாடசாலையும், கோயில் கமிட்டியும் இவ்விவரங்களை எழுதிவைக்கும் பதிவேடொன்றை இந்த மாசியிலேயே தொடங்க வேண்டும் என்பது என் வேண்டுகோள். ஒரு கொப்பியும், முதிய கூத்து மாஸ்டர்களின் அருகே அமர்ந்து கேட்கும் பொறுமையுமே அதற்குப் போதும்.