டிஸ்சார்ஜ் சம்மரியில் "கால் காயம்"னு மட்டும் எழுதியிருந்தா அப்படியே வாங்கிட்டு வராதீங்க

1/ உங்க வீட்டில் யாருக்காவது காலில் அடிபட்டு ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தா, அந்த டிஸ்சார்ஜ் சம்மரியை எடுத்துப் பாருங்க. "ஃபுட் இஞ்சுரி"ன்னு ரெண்டு வார்த்தை, பக்கத்தில் எஸ் 99.9ன்னு ஒரு எண். அவ்வளவுதான் இருக்கா? அப்போ இந்த த்ரெட் உங்களுக்குத்தான். கொஞ்சம் நீளம், பொறுமையா படிங்க.

2/ அந்த எண் ஐசிடி 10 என்ற பட்டியலில் இருந்து வருது. உலக சுகாதார நிறுவனத்தோட நோய்க் குறியீட்டுப் பட்டியல். கணுக்கால், பாதக் காயங்களுக்கு மட்டும் எஸ் 90 முதல் எஸ் 99 வரை பத்து தலைப்பு இருக்கு. 90 மேலோட்டமான காயம், 91 திறந்த காயம், 92 பாத எலும்பு முறிவு, 93 மூட்டு விலகல், சுளுக்கு. 97 நசுங்கல், 98 துண்டிப்பு.

3/ எஸ் 99.9க்கு என்ன அர்த்தம்? "கணுக்கால் அல்லது பாதத்தில் ஏதோ காயம், என்னன்னு குறிப்பிடலை." ராத்திரி 2 மணிக்கு கேஷுவாலிட்டியில் இப்படி எழுதினா சரி. எக்ஸ்ரே எடுத்து, தியேட்டருக்குப் போய், பத்து நாள் வார்டில் இருந்த நோயாளிக்கும் "குறிப்பிடலை"ன்னா, அதுக்குப் பேரு டயக்னோசிஸ் இல்லை. அலட்சியம்.

4/ "ஒரு எண்ணுல என்ன டாக்டர் இருக்கு?"ன்னு கேட்பீங்க. ஒரு கட்டடத் தொழிலாளியை நினைச்சுக்கோங்க. வேலை இடத்தில் காலில் கம்பிக்கட்டு விழுந்து கட்டை விரல் போயிடுச்சு. 2025 வரை அமலில் இருந்த 1923ஆம் வருஷ தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டத்தோட அட்டவணைப்படி, பாதத்தோடு சேரும் மூட்டிலேயே கட்டை விரல் போனால் சம்பாதிக்கும் திறனில் 14% இழப்பு. அதே மூட்டில் வேறு ஒரு விரல் போனால் 3%. கட்டை விரலில் கொஞ்சம் எலும்போடு ஒரு பகுதி மட்டும் போனாலும் 3% தான்.

5/ 14க்கும் 3க்கும் நடுவில் ஒரு குடும்பத்தோட பல மாதச் சாப்பாடு இருக்கு. ஆனா ஐசிடி 10ல் "ஒரு கால் விரல் துண்டிப்பு" எல்லாமே எஸ் 98.1 தான். எந்த விரல்னு அது சொல்லாது. இடதா வலதான்னும் சொல்லாது. அமெரிக்கா தனக்காக விரிவாக்கிய பதிப்பில் இது எல்லாம் தனித்தனியா இருக்கு. நம்ம குறியீட்டில் இல்லாததை டாக்டரோட எழுத்துதான் நிரப்பணும். எழுத்தும் இல்லைன்னா முதலாளியோட வக்கீல் நிரப்புவார்.

6/ பணம் மட்டும் இல்லை, உயிருள்ள காலும் போகும். லாரி டயர் ஏறின பாதம் முதல் நாள் வெறும் வீக்கமாத்தான் தெரியும். தோல்கூட கிழிஞ்சிருக்காது. உள்ளே அழுத்தம் ஏறி தசை செத்துக்கிட்டு இருக்கலாம். தோல் கறுக்க சில நாள் ஆகலாம். ரெஃபரல் சீட்டில் "நசுங்கல்"னு போனா அடுத்த டாக்டர் மணிக்கொரு தடவை பார்ப்பார். "ஊமைக்காயம்"னு போனா காலை ரவுண்ட்ஸ் வரைக்கும் காத்திருப்பார்.

7/ அடுத்தது, எப்படி அடிபட்டதுன்னு சொல்ற ரெண்டாவது குறியீடு. மேலிருந்து பொருள் விழுந்தா டபிள்யூ 20. விவசாய இயந்திரம்னா டபிள்யூ 30. பைக்கில் போனவர்னா வி 20 முதல் வி 29 வரை. பல கேஸ் ஷீட்டில் இந்தக் கட்டம் காலி. இல்லைன்னா "ஆர்டிஏ"ன்னு மூணு எழுத்து.

8/ பைக் பின்சீட்டில் உட்கார்ந்த குழந்தையோட குதிகால் ஸ்போக்கில் மாட்டி சதை பிய்ஞ்சு வரும். எந்த அரசு ஆஸ்பத்திரி டாக்டரைக் கேட்டாலும் சொல்வார். பின்சக்கரத்தில் பாதிக்குக் குறையாம மூடுற தடுப்பு வேணும்னு 1989 மத்திய மோட்டார் வாகன விதி 123 சொல்லுது. நாம சாரி கார்டுன்னு சொல்றது அதைத்தான். அதைக் கழட்டிட்டு ஓட்டுறாங்க. எத்தனை குழந்தைக்கு இப்படி ஆச்சுன்னு கேட்டா பதில் சொல்ல முடியாது. "திறந்த காயம்"னு மட்டும் எழுதினா ஸ்போக் எங்கே தெரியும்? எண்ணாத காயத்தைத் தடுக்க எந்த அரசும் பணம் ஒதுக்காது.

9/ "ஓபியில் ஒருத்தருக்கு ரெண்டு நிமிஷம் கிடைக்கல, இதுல கோடிங் வேறயா?" நியாயமான கோபம், நானும் அதே ஓபியில்தான் இருக்கேன். டாக்டர் எண்ணை மனப்பாடம் செய்ய வேண்டாம். எந்தக் கால், எந்த எலும்பு அல்லது விரல், தோல் திறந்திருக்கா நசுங்கியிருக்கா, எப்படி எங்கே அடிபட்டது. இந்த நாலும் ரெண்டு வரி. எண்ணாக மாத்துறது மெடிக்கல் ரெக்கார்ட்ஸ் ஊழியர் வேலை. அந்த ஊழியர் இல்லாத இடத்தில் ஆளைப் போடுறது அரசோட வேலை.

10/ "இதெல்லாம் இன்ஷூரன்ஸ் கிளெய்முக்குத்தானே?" இல்லை. கிளெய்முக்கு மட்டும் கவனமா கோடு போட்டு, மத்தவங்களுக்கு 99.9 போடுறதுதான் பிரச்சினையே. ஐசிடி 11 அமலுக்கு வந்தது 2022 ஜனவரி 1. நாம இன்னும் 10ஐயே பாதி காலியா விட்டுட்டு இருக்கோம்.

11/ துறைக்கு ஒரே கோரிக்கை. உள்நோயாளியை 99.9 போட்டு டிஸ்சார்ஜ் பண்ணா, ஏன்னு காரணம் எழுதாம கம்ப்யூட்டர் அதை ஏத்துக்கக் கூடாது. "எப்படி அடிபட்டது" கட்டம் கட்டாயமாகணும்.

12/ உங்களுக்கு: கிளம்புறதுக்கு முன்னாடி அந்த நாலு விஷயமும் எழுதியிருக்கான்னு பாருங்க. இல்லைன்னா மரியாதையா கேளுங்க, அது உங்க உரிமை. வேலை இடத்தில் அடிபட்டா அதை முதல் நாளே சொல்லி விபத்துப் பதிவேட்டில், அதாவது ஏஆரில், எழுத வைங்க. காப்பி வாங்குற வழியையும் கேட்டு வெச்சுக்கோங்க. இழப்பீடு கேட்க சட்டம் பொதுவா ரெண்டு வருஷம்தான் தருது. எலும்பு சேர்ந்து, தழும்பும் ஆறின பிறகு, உங்க பக்கம் பேசுறதுக்கு அந்தக் காகிதம் மட்டும்தான் இருக்கும்.