எண்ணூறு ரூபாய்க் கதை

டூர் போகிறவர்களில் இரண்டு ரகம் உண்டு. காசு கொடுத்து கைடு வைத்துக் கொள்கிறவர்கள் ஒரு ரகம். அந்த கைடுக்கு மூன்றடி தள்ளி நின்று, தூணை ரசிப்பது போல் பாவனை செய்துகொண்டே ஓசியில் கேட்கிறவர்கள் இன்னொரு ரகம். நான் வெகுகாலமாக இரண்டாவது. தஞ்சாவூர்ப் பெரிய கோயிலில் இப்படி ஒட்டுக் கேட்டுத்தான் 'கோபுரத்தின் நிழல் தரையில் விழாது' என்று தெரிந்துகொண்டு ஊரெல்லாம் சொல்லித் திரிந்தேன். அப்புறம் ஒரு சாயங்காலம், அதே கோபுரத்தின் நிழலில் சௌகரியமாக உட்கார்ந்து சுண்டல் சாப்பிட்டுக் கொண்டிருந்தபோதுதான் உறைத்தது. ஓசி ஞானத்துக்கு உத்தரவாதம் கிடையாது.

எனவே வாழ்க்கையில் முதல் முறையாகச் சொந்தக் காசில் ஒரு கைடு. இடம் கொச்சி.

ஆபீஸ் சகா ஒருவருக்கு எர்ணாகுளத்தில் வெள்ளிக்கிழமை கல்யாணம். திரும்ப ரயில் சனிக்கிழமை ராத்திரிதான். நடுவில் ஒரு முழுப் பகல் மிச்சம். கூட வந்தவர் எங்கள் அக்கவுண்ட்ஸ் செக்ஷன் நண்பர். கொத்தமல்லி வாங்கினால் கொசுறாகக் கறிவேப்பிலை வாங்காமல் அந்த இடத்தை விட்டு நகர மாட்டார். பேரம் என்பது அவருக்கு மூச்சு.

ஹைகோர்ட் ஜெட்டியில் வாட்டர் மெட்ரோ ஏறினோம். 2023-ல் ஆரம்பித்த சேவை. பேட்டரியில் ஓடுகிற ஏ.ஸி. படகு. சத்தமே இல்லை. நம்மூர் மின்சார ரயிலில் தொங்கிப் பழகினவனுக்கு, உட்கார்ந்து போவதே குற்ற உணர்ச்சியாக இருந்தது. இடது பக்கம் வில்லிங்டன் தீவு. ராபர்ட் பிரிஸ்டோ என்ற வெள்ளைக்கார இன்ஜினீயர் 1920-ல் இங்கே வந்து, துறைமுகத்துக்காகக் காயலைத் தூர் வாரி, அந்த மண்ணைக் கொட்டி உண்டாக்கிய தீவு. எங்கள் தெருவிலும் வருஷா வருஷம் தூர் வாருகிறார்கள். மண்ணை வாசலிலேயே கொட்டிவிட்டுப் போய்விடுகிறார்கள். இதுவரை ஆறேழு தீவுகள் உண்டாகியிருக்கின்றன.

ஃபோர்ட் கொச்சியில் இறங்கியதும் ஐம்பத்தைந்து வயசு மதிக்கத்தக்க ஒருவர் வந்தார். ஆட்டோவும் அவருடையதே, கைடும் அவரே.

"சாரே, ஃபுல் டே. எல்லாம் காட்டித் தராம். ஆயிரத்தஞ்ஞூறு."

நண்பர் தொண்டையைக் கனைத்துக் கொண்டார். பத்து நிமிஷத்தில் எண்ணூறு ரூபாயில் வந்து நின்றது. கைடு ஒன்றும் சொல்லவில்லை. லேசாகச் சிரித்தார். அந்தச் சிரிப்பின் அர்த்தம் எனக்கு மத்தியானம்தான் புரிந்தது.

ஏறி உட்கார்ந்ததும் அவர் சொன்ன முதல் விஷயம்: "இன்னிக்கு சனியாக்கும். ஜூதப்பள்ளி பூட்டு."

யூதர்களின் ஜெப ஆலயத்துக்குச் சனிக்கிழமை விடுமுறை. சரி, நேற்றே வந்திருக்கலாமோ என்றால், வெள்ளிக்கிழமை மட்டாஞ்சேரி அரண்மனை விடுமுறை. ஞாயிறு காலையில் சர்ச்சில் பிரார்த்தனை. கொச்சியை ஒரே நாளில் பார்க்க நினைக்கிறவர்கள் காலண்டரைப் பார்த்துவிட்டுத்தான் லீவ் லெட்டர் எழுத வேண்டும். நாங்கள் கல்யாணப் பத்திரிகையைப் பார்த்து எழுதினவர்கள்.

முதலில் சீன வலை. கரையோரமாக நிற்கும் ராட்சச மரச் சட்டம். ஒரு முனையில் வலை, மறு முனையில் கயிற்றில் கட்டித் தொங்கும் பெரிய பெரிய கற்கள். ஏற்றம் இறைக்கிற அதே தத்துவம். சட்டத்தின் மேல் ஒருவர் நடந்தால் வலை தண்ணீருக்குள் போகிறது. கொஞ்ச நேரம் கழித்து நாலைந்து பேர் கயிற்றை இழுத்தால் மேலே வருகிறது.

"குப்ளாய் கான் கேட்டிருக்கோ சாரே? சீன ராஜா. அவரு அனுப்பியதாக்கும் இது" என்றார் கைடு, நேரில் டெலிவரி எடுத்தவர் மாதிரி.

நாங்களும் ஒரு கை கொடுத்து இழுத்தோம். நண்பர் 'ஏலேலோ' என்று பாடக்கூடச் செய்தார். வந்தது: சின்ன மீன் ஏழெட்டு, நிறைய ஆகாயத்தாமரை, ஒரு ரப்பர் செருப்பு. இடது கால்.

மீனவர்களில் மூத்தவர் செருப்பைத் தூக்கி ஓரமாகப் போட்டார். இழுத்ததற்கு நாங்கள் கொடுத்த நூறு ரூபாய், அந்த இழுப்பில் வந்த மீனை விட அதிகம் பெறும் என்று நினைக்கிறேன். மரத்தின் விலையும் பராமரிப்பும் ஏறிக்கொண்டே போக, மீன் மட்டும் குறைந்துகொண்டே வருகிறதாம். வலைகளின் எண்ணிக்கையும் அப்படியே.

அடுத்தது செயின்ட் பிரான்சிஸ் சர்ச். 1503-ல் போர்ச்சுகீசியர்கள் மரத்தில் கட்டி, பிறகு கல்லுக்கு மாற்றியது. 1663-ல் டச்சுக்காரர்கள் வந்து பிடித்தார்கள். 1795-ல் ஆங்கிலேயர்கள். இப்போது சி.எஸ்.ஐ. மூன்று மேனேஜ்மென்ட் மாறியும் கட்டடம் அதே இடத்தில் வேலை பார்க்கிறது. எங்கள் ஹெட் கிளார்க் ஞாபகம் வந்தார்.

வாஸ்கோ ட காமா 1524 டிசம்பர் 24-ம் தேதி கொச்சியில்தான் இறந்தார். இங்கேதான் புதைத்தார்கள். 1539-ல் எலும்புகளை எடுத்து போர்ச்சுகலுக்குக் கொண்டு போய்விட்டார்கள். இப்போது இருப்பது வெறும் கல்.

"செத்து பதினஞ்சு வருஷம் கழிச்சுத்தான் சொந்த ஊருக்கு டிரான்ஸ்ஃபர் கெடைச்சிருக்கு. நமக்குப் பரவாயில்லை" என்றார் நண்பர். அவர் மதுரைக்குக் கேட்டு ஆறு வருஷம் ஆகிறது.

தலைக்கு மேல் துணி விசிறிகள் தொங்கின. பங்கா. கயிறு சுவர் வழியாக வெளியே போகிறது. அந்தக் காலத்தில் வெளியே வெயிலில் ஓர் ஆள் உட்கார்ந்து இழுப்பாராம், உள்ளே இருப்பவர்களுக்குக் காற்று வரும். கல்லறைக் கல்லைப் பத்துப் பேர் போட்டோ எடுத்துக் கொண்டிருந்தார்கள். கைடு எங்களை வெளியே கூட்டிக்கொண்டு போய், கயிறு வருகிற ஓட்டையைக் காட்டினார். "எல்லாரும் காமாவைப் பார்க்கும். இதை ஆரும் பார்க்கில்லா." அந்த ஒரு வாக்கியத்துக்கே எண்ணூறு சரியாகிவிட்டது என்று தோன்றியது.

தோன்றிய ஐந்தாவது நிமிஷத்தில் ஆட்டோ ஒரு கைவினைக் கடை வாசலில் நின்றது.

"பத்து நிமிஷம், சும்மா கண்டால் மதி சாரே. வாங்கண்டா."

வாங்க வேண்டாம் என்று சொன்னால்தான் நமக்கு வாங்கத் தோன்றும். நண்பர் ஒரு சந்தன யானையை மோந்து பார்த்தார். சொக்கிப் போனார். ஆயிரத்துத் தொள்ளாயிரம் சொன்னதை தொள்ளாயிரத்து ஐம்பதுக்கு முடித்துவிட்டு, கார்கிலை ஜெயித்தவர் மாதிரி வெளியே வந்தார்.

மட்டாஞ்சேரி அரண்மனையில் ராமாயணச் சுவரோவியங்கள். கண்ணை எடுக்க முடியவில்லை. இந்த அரண்மனையைக் கட்டி ராஜாவுக்குக் கொடுத்தது போர்ச்சுகீசியர்கள். நூறு வருஷம் கழித்து டச்சுக்காரர்கள் ரிப்பேர் பார்த்தார்கள். ஆனால் ஊர் முழுக்க அதற்குப் பேர் 'டச்சு அரண்மனை'. டிராஃப்ட் எழுதினவன் ஒருத்தன், கையெழுத்துப் போட்டவன் பேரில் ஃபைல். நானூறு வருஷமாக இதுதான் ஆபீஸ் நடைமுறை போலிருக்கிறது.

பக்கத்திலேயே ஜூ டவுன். 1568-ல் கட்டிய ஜெப ஆலயம். உள்ளே சீனாவிலிருந்து வந்த, கையால் நீலப் பூ வரைந்த தரை ஓடுகள் இருக்கின்றனவாம். நாங்கள் பார்த்தது பூட்டு. மணிக்கூண்டை மட்டும் அண்ணாந்து பார்த்தோம். ஒரு பக்கம் ரோமன் எண், ஒரு பக்கம் ஹீப்ரு, ஒரு பக்கம் மலையாளம். யாருக்கு எந்த மொழியில் லேட்டாக வேண்டுமோ அந்த மொழியில் ஆகலாம். 1948-ல் இஸ்ரேல் பிறந்த பிறகு இங்கிருந்த யூதர்கள் ஒவ்வொரு குடும்பமாகக் கிளம்பிப் போனார்கள். மிஞ்சியவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். தெருவுக்குப் பேர் மட்டும் அப்படியே இருக்கிறது.

அடுத்த பத்து நிமிஷம் ஒரு மசாலாக் கடை. அதற்கடுத்து ஒரு கம்பளிக் கடை. வெளியே வெயில் மண்டையைப் பிளக்கிறது. உள்ளே காஷ்மீர் சால்வையைத் தோளில் போர்த்திக் கண்ணாடி காட்டுகிறார்கள். எனக்குக் கோபம் வந்துவிட்டது.

"என்ன சேட்டா இது? ஊரைக் காட்டச் சொன்னா கடையா காட்டிட்டு இருக்கீங்க?"

அவர் கோபப்படவில்லை. ஆட்டோவை வேப்ப நிழலில் நிறுத்தினார். ஒளிவு மறைவில்லாமல் சொன்னார். கடைக்குள் ஆளைக் கொண்டு போய்ப் பத்து நிமிஷம் இருத்தினால், வாங்கினாலும் வாங்காவிட்டாலும் வண்டிக்கு எண்ணெய்க் காசு கிடைக்கும். வாங்கினால் அதில் ஒரு பங்கு.

"காலையில ஆயிரத்தஞ்ஞூறு சொன்னேன். சாரு எண்ணூறாக்கி. பாக்கி எழுநூறு ஆரு தரும்? கடைக்காரன் தரும். கடைக்காரனுக்கு ஆரு தரும்?"

நண்பரின் கையில் இருந்த சந்தன யானையை இரண்டு பேரும் ஒரே சமயத்தில் பார்த்தோம்.

அக்கவுண்ட்ஸ்காரருக்குக் கணக்குப் புரிய ஒரு நிமிஷம் கூட ஆகவில்லை. வலது கையால் பிடுங்கின எழுநூறை இடது கையால், இருநூற்றைம்பது போனஸோடு திருப்பிக் கொடுத்திருக்கிறார். இதில் நாலு மணி நேரம் வேறு நஷ்டம். ஒரு மனுஷனின் ஒரு நாள் கூலியைப் பாதியாக்கியதை ஜெயித்ததாக நினைத்துக் கொண்டிருந்தோம்.

"சரி சேட்டா. முழு ஆயிரத்தஞ்ஞூறு. இனிமே கடை வேண்டாம்."

அவர் ஆட்டோவைத் திருப்பினார். "சாரு தமிழல்லே? ஒரு எடம் காட்டித் தராம். அங்கே கமிஷன் இல்லா."

ஃபோர்ட் கொச்சியில், டூரிஸ்ட் கூட்டம் தாண்டி, ஒரு சலவைக்கூடம். தோபி கானா. வரிசையாகத் தொட்டி, ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு துவைகல். பின்னால் மைதானம் பூராவும் வெள்ளை வெளேரென்று துணி. கிளிப் கிடையாது, இரட்டை முறுக்குக் கயிற்றின் நடுவில் துணியின் நுனியைச் செருகிவிடுகிறார்கள், எந்தக் காற்றுக்கும் அசையாது. கஞ்சி வாசனை. எங்கள் பாட்டி வீட்டு வாசனை.

டச்சுக்காரர்கள் தங்கள் சிப்பாய்களின் உடுப்பை வெளுக்கத் தமிழ்ப் பக்கமிருந்து சலவைக் குடும்பங்களைக் கொண்டு வந்தார்கள். டச்சுக்காரன் போனான், இங்கிலீஷ்காரன் வந்து அவனும் போனான். இவர்கள் போகவில்லை. இந்தக் கூடம் 1976-ல் வந்தது. இஸ்திரி போட்டுக் கொண்டிருந்த பெரியவர், நாங்கள் பேசுவதைக் கேட்டு நிமிர்ந்தார். பாதி மலையாளம் கலந்த தமிழ்.

"எந்த ஊரு?"

"சென்னை. நீங்க?"

"இதுதான். இதுக்கு முன்னாடி எங்கேன்னு எங்க தாத்தனுக்கே தெரியாது." இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தார். "துணி குடுக்க வந்தீங்களா, பார்க்க வந்தீங்களா?"

"பார்க்கத்தான்..."

"பார்க்க வர்றவங்க நெறைய" என்றார். "குடுக்க வர்றவங்கதான் கம்மி."

நான் கேமராவைப் பைக்குள் வைத்தேன். நண்பர் தன் பையைத் திறந்தார். கல்யாணத்துக்குக் கட்டிக் கசங்கின இரண்டு வேட்டி, மூன்று சட்டை. பெரியவர் தண்ணீர் தெளித்து, கரி போட்ட கனத்த பெட்டியை ஓட்டினார். வேட்டி அட்டை மாதிரி ஆயிற்று. கூலி சொன்னார். எங்கள் அக்கவுண்ட்ஸ்காரர் அப்படியே எண்ணிக் கொடுத்தார். பேரம் பேசவில்லை. பத்து வருஷமாகப் பழகுகிறேன், அன்றைக்குத்தான் பார்த்தேன்.

சாயங்காலம் ஜெட்டியில் இறக்கிவிட்டபோது, சீன வலைகளுக்குப் பின்னால் சூரியன் இறங்கிக் கொண்டிருந்தது. ஆயிரத்தைந்நூறை வாங்கிப் பையில் வைத்துக் கொண்ட கைடு, கொஞ்சம் தயங்கினார்.

"சாரே, காலையில சொன்னேனில்லே, குப்ளாய் கான்? அது சரியல்ல. அவரு 1294-ல மரிச்சு. கொச்சியில துறைமுகம் தொறந்ததே 1341 வெள்ளத்துலன்னு சொல்லும். பின்னே எங்ஙனே அனுப்பும்? சிலரு வேற சீனக் கப்பல்னு சொல்லும். சிலரு போர்ச்சுகீஸ்காரன் மக்காவிலிருந்து கொண்டு வந்ததுன்னு சொல்லும். சரியா ஆருக்கும் அறியில்லா."

"அப்புறம் ஏன் காலையில அப்படிச் சொன்னீங்க?"

"அது எண்ணூறு ரூபாய்க் கதை" என்றார்.

சந்தன யானை இப்போது ஆபீஸில் நண்பரின் மேஜை மேல் பேப்பர் வெயிட்டாக இருக்கிறது. வாசனை மட்டும் வழியில் பாலக்காட்டிலேயே இறங்கிவிட்டது.