ஞாயிறு மாலை ஆறரை மணி



ஞாயிற்றுக்கிழமை மாலை ஆறரை மணி ஆனால் போதும், ஜப்பானியர் வீடுகளுக்கு ஒரு குடும்பம் வந்துவிடும். ‘சசாயே-சான்’ அனிமே தொடர் ஃபுஜி டி.வி.யில் தொடங்கிய நாள் 1969 அக்டோபர் 5. இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. உலகிலேயே மிக நீண்ட காலம் ஒளிபரப்பாகிவரும் அனிமேஷன் தொடர் என்று கின்னஸில் இடம்பிடித்துவிட்டது.

பெரிய கதையெல்லாம் கிடையாது. சசாயே வெள்ளை மனசுக்காரி, அவசரக்குடுக்கை. கணவர் மசுவோ வீட்டோடு மாப்பிள்ளை. அப்பா நமிஹேயின் உச்சந்தலையில் ஒற்றை முடி. தம்பி கட்சுவோ வீட்டுப்பாடத்துக்கு டிமிக்கி கொடுத்துவிட்டு அப்பாவிடம் திட்டு வாங்குவான். எல்லாரும் தாழ்வான மேசையைச் சுற்றித் தரையில் அமர்ந்து சாப்பிடுவார்கள். வீட்டில் இருப்பது எண்களைச் சுழற்றும் கறுப்புத் தொலைபேசி. யாருக்கும் வயது ஏறாது. ஆனால் செர்ரி பூக்கும் வசந்தமும், தர்பூசணி வெட்டும் கோடையும், புத்தாண்டும் ஜப்பானுக்கு வரும்போதே அந்த வீட்டுக்கும் வந்துவிடும்.

இந்தக் குடும்பத்தைப் படைத்தவர் மச்சிகோ ஹசெகாவா. போர் முடிந்த மறுவருடம், 1946-இல், ஃபுகுவோகா நாளிதழ் ஒன்றில் நான்கு கட்டச் சித்திரமாக வரையத் தொடங்கினார். வயிறார உண்ணவே வழியில்லாத அந்த நாட்களில் ஒரு சாதாரண வீட்டின் சிரிப்பை அவர் வரைந்தார். 1974-இல் பத்திரிகைத் தொடர் நின்றது, திரையில் நிற்கவில்லை.

மாறாத ஒன்றை மாறாமல் வைத்திருப்பது லேசான காரியமல்ல. முதல் நாளிலிருந்து சசாயேவுக்குக் குரல் கொடுத்துவருபவர் மிடோரி கட்டோ. மற்ற அனிமேக்கள் கணினிக்கு மாறிய பிறகும், 2013 வரை இதில் கண்ணாடித் தாளில் கையால் வண்ணம் தீட்டினார்கள். நமிஹேக்குக் குரல் தந்த இச்சிரோ நகாய் 2014-இல் மறைந்தபோது, வேறொருவர் அந்தப் பொறுப்பை ஏற்றார். குடும்பம் கலையவில்லை.

முடிவில் சசாயே பார்ப்பவர்களோடு ‘கல்-காகிதம்-கத்தரி’ ஆடுவாள். அது முடிந்தால் மறுநாள் திங்கள். அந்த நேரத்துச் சோர்வை ‘சசாயே-சான் நோய்’ என்றே அங்கே சொல்கிறார்கள். விடுமுறையின் கடைசி அரை மணியை ஒரு நாடே அவளிடம் கொடுத்து வைத்திருக்கிறது!

சொன்ன நாளில், சொன்ன நேரத்தில், அதே அன்போடு வந்து நிற்பதுதான் அந்தத் தொடரின் அழகு. பத்திரிகை நடத்துகிறவர்களுக்கு இதைவிடப் பெரிய பாடம் வேண்டியதில்லை.

உங்கள் வீட்டில் தாத்தாவும் பேத்தியும் சேர்ந்து உட்கார்ந்து பார்த்த தொடர் எது? எழுதுங்கள். அடுத்தடுத்த இதழ்களில் பகிர்ந்துகொள்வோம்.

அன்புடன்,
ஆசிரியர்