ட்ரவுட் மனுவில் நான் ஏன் கையெழுத்துப் போடவில்லை

கொஞ்சம் நீளமான பதிவு. டீ போட்டு வைத்துக்கொண்டு படியுங்கள்.

போன வாரம் என் பழைய மாணவன் ஒருவன் வீட்டுக்கு வந்தான். பெயர் வேண்டாம், கடைசி பெஞ்சு என்று சொன்னாலே அவன் வகுப்புப் பிள்ளைகள் கண்டுபிடித்துவிடுவீர்கள். கையில் ஒரு மனு. மேல்மலை ஓடைகளில் புதிதாக ட்ரவுட் குஞ்சுகளை விட வேண்டும், சுற்றுலா வருகிறவர்கள் தூண்டில் போட அவற்றைத் திறந்துவிட வேண்டும் என்று. "டீச்சர், முதல் கையெழுத்து உங்களோடது" என்றான். நான் போடவில்லை. பிள்ளை முகம் வாடிப் போனான். காரணத்தையும் சரியாகச் சொல்லாமல் அனுப்பிவிட்டேனே என்று அன்று முதல் உறுத்தல்.

எனக்கு ட்ரவுட் மேல் கோபம் ஒன்றும் கிடையாது. அப்பா எஸ்டேட்டில் வேலை பார்த்தபோது துரைக்கு மீன்கூடை சுமந்து அவலாஞ்சி பக்கம் போவார். ஒரே ஒரு முறை என்னையும் கூட்டிப் போனார். எனக்கு எட்டு ஒன்பது வயதிருக்கும். நம் பையன்கள் மூங்கில் குச்சியில் மண்புழு கோத்துத் தக்கை மிதக்கவிட்டு உட்கார்ந்திருப்பார்களே, அது வேறு. இதில் தக்கையும் இல்லை, புழுவும் இல்லை. சின்ன முள்ளில் இறகையும் நூலையும் சுற்றி ஒரு பூச்சி மாதிரி செய்திருப்பார்கள். அதற்கு எடையே கிடையாது. அதனால் கயிற்றைத்தான் கனமாகச் செய்திருக்கிறார்கள். கோலைப் பின்னால் வீசி, கயிறு முழுக்க நீளும்வரை ஒரு நொடி பொறுத்து, பிறகு முன்னால் வீச வேண்டும். அந்தப் பொறுமை இல்லாவிட்டால் எல்லாம் தலைக்கு மேலேயே சிக்கிக்கொள்ளும். ட்ரவுட் நீரோட்டத்தை எதிர்த்து முகம் வைத்து நிற்கும் என்பதால், கீழிருந்து மேலாக, நிழல் தண்ணீரில் விழாமல் நடக்க வேண்டும். அப்பா என் தோளை அழுத்தி உட்கார வைத்தது இன்னும் நினைவிருக்கிறது. பேசினால் திட்டு விழும்! பக்கவாட்டில் ரோஸ் நிறக் கோடு ஓடிய அந்த மீனைப் போல அழகான மீனை நான் பிறகு பார்த்ததில்லை.

ஆனால் அது நம் ஊர் மீன் இல்லை. 1860களில் பிரான்சிஸ் டே என்ற ராணுவ மருத்துவர் இங்கே ட்ரவுட் வளர்க்கப் பார்த்தார், பலிக்கவில்லை. பிறகு எச்.சி. வில்சன் காலத்தில், 1907 வாக்கில் அவலாஞ்சியில் குஞ்சு பொரிப்பகம் வந்தது. பல ட்ரவுட் வகைகளில் இந்த மலையில் நிலைத்தது வானவில் ட்ரவுட்தான். அதன் பூர்வீகம் வட அமெரிக்காவின் மேற்குக் கரை. சீகையும் கற்பூர மரமும் வந்த அதே வெள்ளைக்காரர் காலத்தில் வந்தது. அந்த மரங்கள் நம் புல்வெளியை என்ன செய்தன என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

"தேயிலையும் உருளைக்கிழங்கும்கூட வெளியூர்தானே டீச்சர்?" என்று அவன் கேட்டான். நல்ல கேள்வி. (வகுப்பில் இப்படிக் கேட்டிருந்தால் முதல் பெஞ்சுக்கு வந்திருப்பான்.) தேயிலை தவளையைத் தின்னாது, ட்ரவுட் தின்னும். ஓடைப் பூச்சி, தலைப்பிரட்டை, சின்ன மீன் எல்லாம் அதற்கு இரை. கலிபோர்னியாவின் சியரா நெவாடா மலையில், மீனே இல்லாத உயரமான ஏரிகளில் தூண்டில்காரர்களுக்காக ட்ரவுட்டை விட்டார்கள். தவளைகள் அருகிப்போயின. சில ஏரிகளில் மீனை அகற்றிப் பார்த்தபோது தவளைகள் திரும்பப் பெருகின. இத்தனைக்கும் ட்ரவுட்டுக்கு அது சொந்த மாநிலம்! நம் சோலை ஓடைகளில் உலகில் வேறெங்கும் இல்லாத தவளைகள் இருக்கின்றன. இருக்கிற ட்ரவுட்டைக் கொன்று தீர்க்கச் சொல்லவில்லை. அங்கே புதிதாகக் கொண்டுபோய் விடாதீர்கள் என்கிறேன், அவ்வளவுதான்.

இன்னொன்று, கூட்டம். துரை காலத்தில் பெர்மிட்டோடு நாலு பேர் போவார்கள். இன்று சீசனில் ஊட்டி ரோட்டில் வண்டி நகர்வதில்லை. பிளாஸ்டிக்குக்குத் தடை இருந்தும் ஓடையோரம் என்ன கிடக்கிறது என்று போய்ப் பாருங்கள். முக்குருத்தி அடிவாரத்து ஓடைகள் அதைத் தாங்காது.

அவன் பக்கமும் நியாயம் இருக்கிறது, அதை மறைக்க மாட்டேன். பச்சைத்தேயிலை விலையை நம்பிக் குடும்பம் நடத்த முடியவில்லை. நான் அரிச்சுவடி சொல்லிக்கொடுத்த பிள்ளைகளில் பாதிப்பேர் திருப்பூரிலும் கோவையிலும் இருக்கிறார்கள். ஊரிலேயே பிழைக்க ஒரு வழி தேடுகிறவனைப் போய் நான் தடுக்கலாமா என்று இரண்டு நாள் தூக்கம் வரவில்லை.

அதனால் மனுவை மாற்றி எழுதலாம் என்று தோன்றுகிறது. காட்டு ஓடையை விட்டுவிட்டு, பொரிப்பகத்தை ஒட்டி, குளிர்ந்த நீர் ஓடிக்கொண்டே இருக்கிற குளங்களைக் கேளுங்கள். மீன் வெளியேறாமல் வலை கட்டாயம். கோல் வீசக் கற்றுக்கொடுப்பது உள்ளூர்ப் பிள்ளைகளாக இருக்கட்டும். கட்டணத்தில் ஒரு பங்கு ஊருக்கு வரட்டும். வெளியூர் ரிசார்ட்காரர் கைக்குப் போனால் நம் பிள்ளைக்குக் கூடை சுமக்கிற வேலைதான் மிஞ்சும். அதை என் அப்பா செய்து முடித்துவிட்டார்.

தம்பி, இதைப் படித்தால் கோபித்துக்கொள்ளாதே. ஞாயிறு மதியம் வீட்டில்தான் இருப்பேன், மனுவைக் கொண்டு வா. இரண்டாம் பத்தியில் மூன்று சந்திப் பிழை இருக்கிறது, அதையும் சேர்த்துத் திருத்திவிடலாம்.